பிளைவுட் தொழிலின் இடப்பெயர்ச்சி

ஐ.எஸ்.ஐ. முத்திரை இல்லாத பிளைவுட் பலகையைத் தயாரிக்கவோ, இறக்குமதி செய்யவோ, விற்கவோ கூடாது என்ற மத்திய அரசின் உத்தரவு 2025 பிப்ரவரி 28 முதல் அமலுக்கு வந்தது. சிறிய ஆலைகளுக்கும் குறுந்தொழில் ஆலைகளுக்கும் மட்டும் சில மாதங்கள் கூடுதல் அவகாசம் அளிக்கப்பட்டது. மேலோட்டமாகப் பார்த்தால் இது வியாபாரிகளின் விஷயம். ஆனால் இந்தத் தொழில் கடந்து வந்த பாதையைத் தெரிந்தவர்களுக்கு, இது தொழிலாளர்களின் விஷயம் என்பதும் புரியும்.

பெங்களூரில் எழும் அடுக்குமாடிக் கட்டடம் எதுவானாலும், கூரைக்குக் கான்கிரீட் கொட்டுமுன் அடியில் பெரும்பாலும் பரப்பப்படுவது சென்ட்ரிங் பிளைவுட்தான். எட்டடிக்கு நாலடி உள்ள அந்தப் பலகையைச் சுமந்து சாரத்தில் ஏறுகிறவர்களில் தர்மபுரி, கிருஷ்ணகிரி, திருவண்ணாமலை மாவட்டத்துக்காரர்கள் ஏராளம். ஆபீஸ் மேஜை, பாங்குக் கவுண்டர், சமையலறை அலமாரி, வீட்டுக் கதவு என்று பிளைவுட் புகாத இடம் இல்லை. ரயில் பெட்டியின் தரையில் பதிக்கப்படுவதும் இதே இனத்தைச் சேர்ந்த, பிசினூட்டி அழுத்திய மரப்பலகைதான்.

பலகை எல்லோர் கைக்கும் வருகிறது. ஆனால் அது வருகிற இடம் மாறிக்கொண்டே இருக்கிறது. முப்பது ஆண்டுகளுக்கு முன் அஸ்ஸாமிலிருந்து வந்தது. இன்று ஹரியானாவிலிருந்தும் கேரளத்திலிருந்தும் வருகிறது. அதன் மேல்தகடு ஆப்பிரிக்காவிலிருந்து கப்பலேறி வருகிறது. தொழில் இடம் மாறியபோதெல்லாம் முதலாளிக்கு ஒரு வழி பிறந்தது. அரசுக்கு ஒரு சட்டம் பிறந்தது. தொழிலாளி மட்டும் தன் சொந்தச் செலவில் இடம் மாறினான்.

தேயிலைப் பெட்டியில் பிறந்தது

பிளைவுட் தயாரிப்பு மிகவும் சிக்கலானது அல்ல. மரத்துண்டை இயந்திரத்தில் சுழல விட்டு, நீண்ட கத்தியால் மெல்லிய தகடாகச் சீவுவார்கள். இதற்கு வெனீர் என்று பெயர். தகடுகளை உலர்த்தி, பிசின் தடவி, ஒன்றின் நார் நெடுக்காகவும் அடுத்ததன் நார் குறுக்காகவும் அமையும்படி மூன்று, ஐந்து, ஏழு என்று ஒற்றைப்படையில் அடுக்குவார்கள். பின்னர் சூடேற்றிய அழுத்த இயந்திரத்தில் வைத்து ஒட்டுவார்கள். நார்கள் குறுக்கும் நெடுக்குமாக இருப்பதால் பலகை எளிதில் பிளக்காது, வளையாது.

இந்தியாவில் இந்தத் தொழில் வளர்ந்தது வீடு கட்டுவதற்காக அல்ல, தேயிலைக்காக. லண்டனுக்குப் போகும் தேயிலைக்குக் கனமில்லாத, ஈரம் புகாத, மரவாடை ஏறாத பெட்டி தேவைப்பட்டது. ஆரம்பத்தில் பெட்டிகளும் பெருமளவு வெளிநாட்டிலிருந்தே வந்தன. இரண்டாம் உலகப் போரில் கப்பல் போக்குவரத்து தடைபட்டதும் உள்நாட்டு ஆலைகளுக்கு யோகம் அடித்தது. கேரளத்தில் கண்ணூரை அடுத்த வளபட்டணத்தில் பெரிய ஆலை ஒன்று தொடங்கப்பட்டது 1945-ல். சுதந்திரத்துக்குப் பின் நாட்டுப் பொருள்களுக்குத் தரம் வகுத்தபோது, பத்தாம் எண் தரமே பிளைவுட் தேயிலைப் பெட்டிக்குத்தான் தரப்பட்டது. அன்று அதற்கு இருந்த முக்கியத்துவம் அப்படி.

தேயிலையும் காடும் பக்கத்தில் பக்கத்தில் இருந்த மேல் அஸ்ஸாமில் தொழில் வேரூன்றியது. மார்கரீட்டா, மாகும், தின்சுகியா வட்டாரங்களில் ஆலைகள் பெருகின. ஹொல்லாங் என்ற நெடுமரம் கத்திக்கு வாகாகச் சுழன்றது. பிற்பாடு தேயிலைக்குப் பெட்டி போய்க் காகிதச் சாக்கு வந்தது. எனினும் ஆலைகள் நிற்கவில்லை. கல்கத்தாவிலும் டில்லியிலும் பம்பாயிலும் வீடுகளும் ஆபீஸ்களும் பெருகியதால், அதே ஆலைகள் கட்டடப் பலகைக்கு மாறிக்கொண்டன. வாகன் வாகனாகப் பலகையும் மரமும் மேற்கு நோக்கிப் போயின.

கூடலூர் வழக்கு, அஸ்ஸாமில் பூட்டு

இப்படி எத்தனை நாள் ஓடும் என்ற கேள்வி முன்பே எழுந்திருந்தது. இயற்கைக் காட்டை ஆலைகளுக்குத் தீனியாக்கக் கூடாது; ஆலைகள் தங்களுக்கு வேண்டிய மரத்தை விவசாயிகளின் துணையோடு வளர்த்துக்கொள்ள வேண்டும்; அவற்றுக்குச் சலுகை விலையில் காட்டு மரம் தரலாகாது என்று 1988-ஆம் ஆண்டின் தேசிய வனக்கொள்கை தெளிவாகவே சொன்னது. கொள்கை காகிதத்தில் இருந்தது. கோடரி காட்டில் இருந்தது.

அதை நிறுத்திய வழக்கு நமது நீலகிரி மாவட்டத்தில் பிறந்தது என்பது பலருக்குத் தெரியாது. நிலம்பூர் கோவிலகத்தைச் சேர்ந்த டி.என். கோதவர்மன் திருமுல்பாடு, கூடலூர்ப் பகுதியில் நடந்த மரவெட்டை எதிர்த்து 1995-ல் சுப்ரீம் கோர்ட்டில் மனுப் போட்டார். ஒரு தாலுகாவைப் பற்றிய வழக்கு, நாட்டின் எல்லாக் காடுகளுக்கும் உரிய வழக்காக விரிந்தது. 1996 டிசம்பர் 12-ல் கோர்ட் இடைக்கால உத்தரவு பிறப்பித்தது. மத்திய அரசின் அனுமதியின்றிக் காட்டில் வேறு வேலை எதுவும் நடக்கக் கூடாது என்றது. அருணாசலப் பிரதேசத்தின் திராப், சாங்லாங் மாவட்டங்களிலும், அந்த எல்லையிலிருந்து நூறு கிலோமீட்டருக்குள் அஸ்ஸாமிலும் இருந்த மரவாடிகள், வெனீர் ஆலைகள், பிளைவுட் ஆலைகள் உடனே மூடப்பட வேண்டும் என்றது. வடகிழக்கின் ஏழு மாநிலங்களிலிருந்தும் வெட்டுமரம் வெளியே போகக் கூடாது. ரயிலிலும் கூடாது, சாலையிலும் கூடாது, நீர்வழியிலும் கூடாது என்று தடை விதித்தது.

காடு அழிந்துகொண்டிருந்த வேகத்தைப் பார்த்தால், இந்த உத்தரவைக் குறை கூற இடமில்லை. பின்னர் 1998-ல் கோர்ட் நிபந்தனைகளைத் தளர்த்தி, ஆலைகளைக் காட்டோரத்திலிருந்து தொழிற்பேட்டைகளுக்கு மாற்றிக்கொள்ள வழி செய்தது. ஆனால் ஒரு தொழில் இரண்டு ஆண்டு பூட்டிக் கிடந்தால் பழைய நிலைமைக்குத் திரும்புவது அரிது. 2002-ல் அந்தமான் தீவுகளிலும் மரம் வெட்டுவதற்குச் சுப்ரீம் கோர்ட் கடுமையான கட்டுப்பாடு விதித்தது. அங்கிருந்த பிளைவுட் ஆலைகளின் காலமும் அதோடு முடிந்தது.

வயலில் வளர்ந்த மரம்

காடு மூடினால் பிளைவுட் தொழிலே படுத்துவிடும் என்று அப்போது பலர் நினைத்தார்கள். அப்படி நடக்கவில்லை. தேவை குறையாதபோது தொழில் வேறு மரத்தைத் தேடிக்கொண்டது. அந்த மரம் ஏற்கெனவே வடக்கே வயல்களில் வளர்ந்துகொண்டிருந்தது.

பாப்ளார் என்ற மரத்தை, இமயமலை அடிவாரத்துத் தராய்ப் பகுதி விவசாயிகளிடம் தீப்பெட்டிக் கம்பெனி ஒன்று 1970-களிலிருந்தே பரப்பி வந்தது. பின்னர் நபார்டு வங்கியின் கடன் உதவியும் கிடைத்தது. ஆறு முதல் எட்டு ஆண்டுகளில் வெட்டுக்கு வரும் மரம். குளிர்காலத்தில் இலை உதிர்ப்பதால் அடியில் கோதுமை விளையும். முதல் ஓரிரு ஆண்டுகளில் கரும்பும் போடலாம். பஞ்சாப், ஹரியானா, மேற்கு உத்தரப் பிரதேச விவசாயிகள் வரப்பிலும் வயலிலும் நட்டார்கள். தைலமரமும் கூடச் சேர்ந்தது. ஹரியானாவின் யமுனாநகர் இந்த மரத்துக்குச் சந்தையாயிற்று. விடிந்தால் டிராக்டர் டிராலிகளில் மரம் வந்து இறங்கும்; எடை போட்டு விலை பேசி ஆலைக்குப் போகும். அஸ்ஸாம் இழந்த தொழிலில் பெரும்பங்கு இந்த ஊருக்கு வந்து சேர்ந்தது. இன்று நாட்டின் பிளைவுட் உற்பத்தியில் யமுனாநகருக்கே முதன்மை இடம்.

இது ஒரு பெரிய மாறுதல். 2023-ஆம் ஆண்டின் வனநிலை அறிக்கைப்படி, காட்டுக்கு வெளியே வயல்களிலும் தோட்டங்களிலும் உள்ள மரங்களிலிருந்து ஆண்டுக்கு சுமார் 9 கோடி கன மீட்டர் தொழில் மரம் கிடைக்க வாய்ப்பு உண்டு. ஆலைக்கு மரம் தருவது இப்போது காடு அல்ல, விவசாயி. 1988-ல் சொன்னது, கோர்ட் கதவை அடைத்த பிறகுதான் நடைமுறைக்கு வந்தது.

ஆனால் விவசாயிக்கு இதில் உள்ள ஆபத்தையும் பார்க்க வேண்டும். நெல்லுக்கும் கோதுமைக்கும் உள்ள ஆதரவு விலை பாப்ளாருக்குக் கிடையாது. நல்ல விலை என்று ஊரே நடும், ஏழாம் ஆண்டு எல்லோரும் ஒன்றாக வெட்டுவார்கள், விலை விழும். 2000-களின் தொடக்கத்தில் இப்படித்தான் விழுந்தது. வெறுத்துப்போய் நடவைக் குறைத்தார்கள். சில ஆண்டுகள் கழித்து மரம் கிடைக்காமல் ஆலைகள் தவித்தன. சமீப ஆண்டுகளிலும் மர விலை ஏறி, சிறு ஆலைகள் ஷிப்டைக் குறைக்கும்படி ஆயிற்று. ஷிப்டு குறைந்தால் யாருடைய கூலி குறையும் என்று சொல்ல வேண்டியதில்லை.

பெரும்பாவூர்ப் பாடம்

தெற்கே இந்தத் தொழிலின் தலைநகரம் எர்ணாகுளம் மாவட்டத்துப் பெரும்பாவூர். பால் வற்றிய ரப்பர் மரத்தைச் சீவிப் பிளைவுட் செய்யும் நூற்றுக்கணக்கான ஆலைகள் அங்கே உள்ளன. மலைத்தோட்டங்களில் நிழலுக்காக நட்ட சில்வர் ஓக், தைலமரம், மலைவேம்பு ஆகியவையும் தமிழ்நாட்டிலிருந்தும் கர்நாடகத்திலிருந்தும் அங்கே போகின்றன.

ஒரு காலத்தில் கேரளத்துக்குக் கூலி வேலைக்குப் போன வெளி மாநிலத்தவர் என்றால் பெரும்பாலும் தமிழர்களே. 1990-களின் பிற்பகுதியிலிருந்து பெரும்பாவூர் ஆலைகளில் அஸ்ஸாமியர், வங்காளியர், ஒரியர் வந்து சேர்ந்தனர். இதற்கும் 1996 உத்தரவுக்கும் தொடர்பு உண்டு. மேல் அஸ்ஸாமில் ஆலை பூட்டப்பட்டதும், வெனீர் சீவவும் பிசின் தடவவும் பழகிய கைகள் வேறு ஆலையைத் தேடின. மூவாயிரம் கிலோமீட்டருக்கு அப்பால் அதே வேலை கிடைத்தது. முதலில் வந்தவன் தன் ஊர்க்காரனை அழைத்தான். அவன் தன் மைத்துனனை அழைத்தான். இன்று ஞாயிற்றுக்கிழமை பெரும்பாவூர்க் கடைத்தெருவுக்குப் போனால் மலையாளத்தைவிட வங்காளியும் ஹிந்தியும் அதிகம் காதில் விழும். பிழைக்க வந்த ஊரில் தன் மொழி கேட்பதற்காகவே ஞாயிறன்று கடைத்தெருவுக்குப் போவது எப்படிப்பட்டது என்பதைப் பெங்களூர்த் தமிழர்களுக்கு விளக்க வேண்டியதில்லை.

யமுனாநகர் ஆலைகளிலும் வேலை செய்வோரில் பெரும்பகுதி பீகார், கிழக்கு உத்தரப் பிரதேசத்தவர். இரண்டு ஊர்களிலும் முறை ஒன்றுதான்: ஒப்பந்தக்காரர் மூலம் ஆள் எடுப்பு, எண்ணிக்கைக்குக் கூலி, ஆலை வளாகத்திலோ அருகிலோ தகரக் கொட்டகை. 2020 மார்ச்சில் பொதுமுடக்கம் வந்து ஆலைகள் நின்றபோது, இவர்களில் எத்தனை பேர் எந்த ஆலையில் இருந்தார்கள் என்று சொல்லும் முழுமையான பதிவு எந்த அரசிடமும் இல்லை என்பது வெளிச்சத்துக்கு வந்தது.

மேல்தகடுக்கு அன்னிய தேசம்

உள்தகட்டுக்கு வயல் மரம் போதும். பார்வைக்குத் தெரியும் மேல்தகடு வேறு கதை. முடிச்சு இல்லாத, ஒரே நிறமான, அகலமான தகடு வேண்டுமானால் பெரிய காட்டு மரம் வேண்டும். அரை மில்லிமீட்டர்கூட இல்லாத அந்தத் தகடுக்காகத்தான் இந்தியா இறக்குமதியை நம்பியிருக்கிறது.

நெடுங்காலம் பர்மாவின் குர்ஜன் மரம் இதற்கு உதவியது. மியான்மர் அரசு 2014 ஏப்ரல் 1 முதல் உருட்டு மரம் ஏற்றுமதியைத் தடை செய்தது. லாவோஸ் 2016-ல் அதே வழியில் போயிற்று. பிறகு மத்திய ஆப்பிரிக்காவின் காபோன் நாட்டு ஒகூமே மரம் வந்தது. அந்த நாடும் 2010-லேயே உருட்டு மரத்தை வெளியே விடுவதை நிறுத்தி, மரம் வேண்டுவோர் இங்கே வந்து தகடு சீவிக்கொண்டு போகட்டும் என்று சொல்லியிருந்தது. அதன்படி இந்தியக் கம்பெனிகள் அந்நாட்டுத் தலைநகரை அடுத்த நிகோக் தொழிற்பேட்டைக்கு இயந்திரங்களைக் கொண்டுபோய் வைத்து, வெனீராகச் சீவிக் கப்பலேற்றுகின்றன.

இதில் ஒரு பாடம் இருக்கிறது. மரம் உள்ள நாடுகள் மரமாக விற்க விரும்பவில்லை. வேலையைத் தங்கள் மண்ணில் வைத்துக்கொள்ள விரும்புகின்றன. இந்தோனேஷியா 1985-ல் இதே தடையைக் கொண்டுவந்துதான் பிளைவுட் ஏற்றுமதியில் உலகின் முன்வரிசைக்கு வந்தது. அங்கும் காட்டுக்கு நேர்ந்த சேதம் பெரிது என்பதையும் மறப்பதற்கில்லை. பின்னர் சீனா முந்திக்கொண்டது. இன்று உற்பத்தியில் அதற்கே முதலிடம். இந்தியாவோ செய்வதில் பெரும்பகுதியைத் தானே பயன்படுத்திவிடுகிறது. ஏற்றுமதி சொற்பமே. ஆகவே இங்கே தொழிலின் தலைவிதி உள்ளூர்க் கட்டட வேலையோடு கட்டுண்டது. வீடு கட்டுவது மந்தமானால் யமுனாநகரில் பாய்லர் அணையும்.

வரியும் அப்படியே. ஜி.எஸ்.டி. வந்த 2017 ஜூலையில் பிளைவுட்டுக்கு 28 சதவீதம் போட்டார்கள். அதே ஆண்டு நவம்பரில் கவுகாத்தியில் கூடிய கவுன்சில் அதை 18 சதவீதமாகக் குறைத்தது. பிளைவுட்டின் பழைய தாயகமான அஸ்ஸாமில் வைத்து இந்த முடிவு எடுக்கப்பட்டது ஒரு வேடிக்கையான பொருத்தம்.

முத்திரையின் இரு பக்கம்

இந்தப் பின்னணியில்தான் 2025-ஆம் ஆண்டின் முத்திரை உத்தரவைப் பார்க்க வேண்டும். அதன் நோக்கத்தில் நியாயம் உண்டு. தண்ணீர் தாங்கும் என்று சொல்லிச் சாதாரணப் பலகையை விற்பது கடைத்தெருவில் புதிதல்ல. 710 என்ற எண் கடல்தரப் பலகைக்கு உரியது. 303 என்பது பொது உபயோகப் பலகைக்கு உரியது. இரண்டுக்கும் பிசின் வேறு, விலை வேறு. சமையலறைக்கு மாதத் தவணையில் அலமாரி செய்த குமாஸ்தா, இரண்டாம் மழைக்காலத்தில் பலகை உப்பிப் பிரிவதைப் பார்த்துத்தான் தான் ஏமாந்ததை உணர்கிறார். சென்ட்ரிங் பலகை தரமற்றுப் போனால் ஆபத்து சாரத்தில் நிற்பவனுக்கு. மட்டமான வெளிநாட்டுப் பலகை மலிவு விலையில் வந்து குவிவதைத் தடுக்கவும் உத்தரவு பயன்படும். இவ்வளவும் சரி.

ஆனால் முத்திரை பெற ஆலையில் பரிசோதனைக்கூடம் வேண்டும், கருவிகள் வேண்டும், அதை நடத்தத் தெரிந்த ஆள் வேண்டும், ஆண்டுதோறும் கட்டணம் வேண்டும். பெரிய கம்பெனிக்கு இது பொருட்டல்ல. ஒரே ஒரு அழுத்த இயந்திரம் வைத்து ஓட்டுகிற சிறு ஆலைக்கு இது பாரம். வரியின்றி இந்தியாவுக்குப் பலகை அனுப்பி வந்த நேபாளத்து ஆலைகள், இந்திய முத்திரை இல்லாததால் சரக்கு தேங்கி 2025-ல் திண்டாடியது கண்கூடு. உள்நாட்டுச் சிறு ஆலைகளில் பலவற்றின் நிலையும் அதிலிருந்து அதிக தூரமில்லை. போதாக்குறைக்கு, மரநாரை அழுத்திச் செய்யும் எம்.டி.எப். பலகை, ரெடிமேட் மேஜை நாற்காலிச் சந்தையைப் பிடித்து வருகிறது. அந்த ஆலைகள் பெரியவை. உற்பத்திக்கு ஏற்ற அளவுக்கு ஆள் தேவையில்லாதவை.

ஆக, சிறு ஆலைகள் நசித்துப் பெரிய ஆலைகள் வளரும் மாறுதல் ஒன்று தொடங்கியிருக்கிறது. 1996-ல் காட்டைக் காக்க வந்த உத்தரவும் நியாயமானதே. 2025-ல் வாங்குவோரைக் காக்க வந்த உத்தரவும் நியாயமானதே. இரண்டிலும் ஆலையில் நின்றவனின் கதி என்ன என்பது முன்கூட்டி யோசிக்கப்படவில்லை.

செய்ய வேண்டியது

வெளி மாநிலத் தொழிலாளர்களுக்கென்று 1979-ல் ஒரு தனிச் சட்டம் வந்தது. ஒப்பந்தக்காரர் உரிமம் பெற வேண்டும். ஊர் போய்வரச் செலவு தர வேண்டும். மாதச் சம்பளத்தில் பாதி அளவு இடப்பெயர்வுப் படி தர வேண்டும் என்றெல்லாம் அது சொன்னது. பெரும்பாலும் ஏட்டில் இருந்ததே தவிரக் கைக்கு வரவில்லை. 2025 நவம்பர் 21-ல் நான்கு தொழிலாளர் தொகுப்புச் சட்டங்கள் அமலுக்கு வந்தபோது, அந்தப் பழைய சட்டமும் தொகுப்புக்குள் போயிற்று. ஒப்பந்தக்காரர் இல்லாமல் தானாக வந்த தொழிலாளியையும் புதிய சட்டம் கணக்கில் எடுத்துக்கொள்வதும், ஊர் போய்வரும் படியும் வரவேற்கத்தக்கவை. ஆனால் இடப்பெயர்வுப் படி விடுபட்டுப் போயிற்று. முன்பு ஐந்து பேர் இருந்தாலே பொருந்திய பாதுகாப்பு, இப்போது பத்துப் பேர் இருந்தால்தான் பொருந்தும். சிறு ஆலைகளில் துண்டு துண்டாக ஆள் எடுக்கும் ஒப்பந்தக்காரர்களுக்கு இது ஒரு சந்து.

செய்ய வேண்டியவை பெரிய காரியங்கள் அல்ல. முதலாவது, சிறு ஆலைகள் பத்திருபது சேர்ந்து பயன்படுத்தும் பொதுப் பரிசோதனைக்கூடங்களை அரசு செலவில் அமைத்து, அவற்றின் சோதனை முடிவுகளையே முத்திரைக்கும் ஏற்றுக்கொள்ளலாம். பிளைவுட் ஆராய்ச்சிக்கென்றே பெங்களூரில் 1960-களில் தோன்றிய நிலையத்தின் அனுபவம் இதற்குக் கைகொடுக்கும். இரண்டாவது, மரம் வளர்ப்பவருக்கும் ஆலைக்கும் நடவின்போதே விலை ஒப்பந்தம் ஏற்பட வேண்டும். மேட்டுப்பாளையம் வனக்கல்லூரி மலைவேம்பு முதலிய மரங்களில் இவ்வகை ஒப்பந்த வளர்ப்பை ஊக்குவித்து வருகிறது; அதை மற்ற மாநிலங்களும் பின்பற்றலாம். மூன்றாவது, முத்திரை வழங்கவோ ரத்து செய்யவோ ஆலைக்குள் நுழையும் அதிகாரியின் படிவத்தில் பிசின், தகடு, ஈரப்பதம் ஆகியவற்றோடு இன்னொரு பத்தியும் இருக்க வேண்டும்: இந்த ஆலையில் வேலை செய்யும் வெளி மாநிலத்தவர் எத்தனை பேர், எந்த ஊர், யார் மூலம் வந்தவர் என்று.

அந்தக் கணக்கு இருந்தால், ஆலை பூட்டப்படும் நாளில் பாக்கிக் கூலி யாருக்கு எவ்வளவு என்று கேட்க ஆதாரம் இருக்கும். 1996-ல் மார்கரீட்டாவில் வேலை இழந்து ரயிலேறியவனிடம் அது இல்லை. 2020-ல் யமுனாநகரில் மூட்டையைத் தலையில் வைத்துக்கொண்டு நடந்தவனிடமும் இல்லை. இன்னொரு முறை தொழில் இடம் மாறுவதற்குள்ளாவது அது அவன் கையில் இருக்க வேண்டும்.